திரையோரத்துப் புள்ளி

கம்ப்யூட்டர் கடைக்காரர் நல்ல மனிதர், அண்ணி. எங்கள் கடைக்கு வந்து தன் மூக்குக்கண்ணாடியின் காது வளைவைச் சரிசெய்துகொண்டார். இதற்கெல்லாம் காசு வாங்குவதில்லை என்று சொன்னேன். அந்த நன்றிக்கு எனக்கு ஒரு விஷயம் சொல்லிக் கொடுத்தார். அதைத்தான் இப்போது உங்களுக்குச் சொல்லப்போகிறேன்.

உட்காருங்கள். உங்கள் தம்பி மருந்துக்கடைக்குப் போயிருக்கிறார். தலைவலிக்கிறது என்றுதான் சொன்னேன். சொல்லி முடிப்பதற்குள் செருப்பை மாட்டிவிட்டார். இப்போதெல்லாம் நான் வாயைத் திறந்தால் போதும், எழுந்து நிற்கிறார்.

உள்ளே வரும்போது நீங்கள் ஒரு வார்த்தை சொன்னீர்கள். "அவன் பாக்கலைன்னா பாக்கலைதான். என் தம்பிய எனக்குத் தெரியாதா? நான் நம்புறேன்." சொல்லிவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டீர்கள். உங்கள் அப்பா இறந்ததிலிருந்து அவரிடம் பேசாமல் இருந்தவர், மனசு இரங்கிப் பழமும் கையுமாக வந்திருக்கிறீர்கள். நல்லது. நீங்கள் நம்புவது சரிதான். அவர் பார்க்கவில்லை.

எப்படி அவ்வளவு உறுதியாகச் சொல்கிறேன் என்று கேட்பீர்கள் அல்லவா.

இந்த வீட்டில் யாரும் யாரையும் கூப்பிடுவதில்லை, அண்ணி. எழுதுவோம். முன்னறைக் கதவைச் சாத்திக்கொண்டு, காதை அடைத்துக்கொண்டு உங்கள் தம்பி கம்ப்யூட்டரில் விளையாட உட்கார்ந்தால் இடி விழுந்தாலும் கேட்காது. அதனால் அவரே ஒரு வழி செய்தார். 'வீடு' என்று ஒரு குழு. மாமா, நான், அவர். நாங்கள் போனில் எழுதினால், அவர் ஆடிக்கொண்டிருக்கும் ஆட்டத்தின் மேலேயே, திரையின் வலது மூலையில் ஒரு சின்னப் பெட்டி நழுவி வரும். கொஞ்ச நேரம் நின்றுவிட்டு நழுவிப் போகும். ஓவர்லே என்று அதற்குப் பெயர். அதைச் செய்து முடித்த அன்று எங்களைக் கூட்டிவைத்துக் காட்டினார். "பாத்தியா, இனிமே நான் எப்பவும் உங்க கூடவேதான் இருக்கேன்" என்றார். மாமா கைதட்டினார். நானும்தான்.

மணிச்சத்தம் வரக்கூடாது, எதிரியின் காலடி கேட்காமல் போய்விடும் என்று அதை நிறுத்திவைத்தார். போனைச் சமையலறை அலமாரியில் சார்ஜில் போட்டுவிடுவார். எல்லாம் மூலையில்தான் வந்துவிடுகிறதே.

சாப்பாடு ஆச்சு என்று எழுதுவேன். கேஸ் வந்திருக்கு என்று எழுதுவேன். பதில் வரும், "அஞ்சே நிமிஷம்" என்று. அதை அவர் எழுதக்கூட வேண்டியதில்லை. ஒரு பட்டனை அழுத்தினால் தானாகப் போகும்படி செய்துவைத்திருந்தார். எத்தனை அக்கறை பாருங்கள், எனக்கென்று தனியாக ஒரு பட்டன்.

மாமாவுக்கு எழுத்தைத் தேடித் தேடி அழுத்தப் பொறுமை கிடையாது. மூச்சு இரைக்கும்போது கையும் நடுங்கும். அதனால் ஒரு புள்ளி வைப்பார், அவ்வளவுதான். "லிஃப்ட்டக் கூப்பிடவும் ஒரே பட்டன்தானேம்மா. அமுக்கினா வரணும்" என்பார். லிஃப்ட் மெக்கானிக்காகவே வாழ்ந்து ஓய்வு பெற்றவர் அல்லவா. மூச்சு திணறி அடங்கிய பிறகு, "மேல போற வழிய நீ எனக்குக் காட்டாத, கண்ணாடி. அதத்தான் காலமெல்லாம் ரிப்பேர் பண்ணினேன்" என்று சிரிப்பார். கண்ணாடிக் கடையில் வேலை செய்வதால் என்னைக் கண்ணாடி என்றே கூப்பிடுவார். இந்த வீட்டில் என்னை வாயால் கூப்பிட்டவர் அவர் ஒருவர்தான்.

எங்கள் தொழிலில் ஒன்று உண்டு, அண்ணி. புதிதாகக் கண்ணாடி போடுகிறவர்கள் இரண்டு நாள் புலம்புவார்கள், பிரேமின் விளிம்பு கண்ணை உறுத்துகிறது என்று. பிறகு மறந்துவிடுவார்கள். விளிம்பு அங்கேயேதான் இருக்கும். கண் அதை விட்டுவிட்டுப் பார்க்கப் பழகிவிடும். உங்கள் தம்பிக்கு நான் அந்த விளிம்பு என்று நினைத்துக்கொண்டேன். அதில் வருத்தப்பட ஒன்றுமில்லை. கண்ணின் குணம் அது.

அதனால்தான் குளியலறைத் தரையில் கிடந்த அந்த மத்தியானத்தையும் என்னால் மன்னிக்க முடிந்தது. அப்போது எனக்கு மூன்றாம் மாதம். "வாங்க" என்று எழுதினேன். பிறகு "ரத்தம்" என்று எழுதினேன். அஞ்சே நிமிஷம் என்று வந்தது. திரும்பவும் எழுதினேன். திரும்பவும் அஞ்சே நிமிஷம்.

மாமாதான் சுவரைப் பிடித்துக்கொண்டு வந்தார். நெஞ்சு விசிலடிப்பது கதவுக்கு வெளியே கேட்டது. "கதவத் திறம்மா. நான் கண்ண மூடிக்கிறேன்" என்றார். உண்மையாகவே மூடிக்கொண்டு, தன் துண்டை நீட்டினார். டாக்சி பிடித்தவரும் அவர்தான். எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, தன் மூச்சை வாங்கிக்கொண்டே என் தலையைத் தடவிக்கொண்டு வந்தார்.

உங்கள் தம்பி பிறகு வந்தார். எல்லாம் முடிந்த பிறகு. "நான் பாக்கலம்மா. சத்தியமா பாக்கல. கை பழக்கத்துல பட்டன அமுக்கியிருக்கும்" என்று அழுதார். நீங்கள் போனில் கூப்பிட்டீர்கள். நினைவிருக்கிறதா? "பாக்கலைன்னு சொல்றானே, நம்பும்மா. ஆம்பளைங்களுக்கு ஒண்ணு செய்யும்போது இன்னொண்ணு கண்ணுக்குத் தெரியாது. இத மனசுல வெச்சுக்காத, அடுத்தது தங்கும்." நான் நம்பினேன், அண்ணி. அடுத்தது தங்கும் என்பதை அல்ல. கண்ணுக்குத் தெரியாது என்பதை.

உடம்பு தேறிய பிறகு ஒரு நாள் டீ கொண்டுபோய் அவர் முதுகுக்குப் பின்னால் நின்றேன். ஆட்டம் உச்சத்தில் இருந்தது. யாரையோ சுட்டுக்கொண்டிருந்தார். மூலையில் பெட்டி நழுவி வந்தது. அதில் ஒரு புள்ளி. எழுத்துகூட இல்லை, எறும்பு அளவு ஒரு புள்ளி. ஹெட்போனைக் கழற்றி மேசையில் வீசிவிட்டு என்னை இடித்துக்கொண்டு ஓடினார். மாமாவின் அறையில் அவர் மருந்துக் குப்பியை உடைத்து, மருந்தாவி பிடிக்கும் மிஷினில் ஊற்றும் சத்தம் கேட்டது. திரையில் அவருடைய ஆள் செத்துக் கிடந்தான். திரும்பி வந்து, "அப்பா கூப்பிட்டாரு" என்றார். தோற்றதைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.

டீயைக் கொடுத்துவிட்டு வந்துவிட்டேன். பிறகு வேண்டுமென்றே பல தடவை பின்னால் நின்று பார்த்தேன். ஒரு புள்ளியைக்கூட அவர் தவறவிட்டதில்லை.

விளிம்பு நன்றாகத் தெரிகிறது, அண்ணி. அதில் யார் பெயர் இருக்கிறது என்பதும் தெரிகிறது.

எனக்குக் கோபம் என்று நினைத்துவிடாதீர்கள். கோபப்படுகிறவள் தட்டை உடைப்பாள், அம்மா வீட்டுக்குப் போவாள். நான் மறுநாளும் சமைத்தேன். அவர் சட்டையை இஸ்திரி போட்டேன். பார்க்கவில்லை என்று எதற்கெடுத்தாலும் சொல்கிறாரே, பார்க்காமல் போவதென்றால் என்னவென்று அவருக்குத் தெரியாதே என்று மட்டும் தோன்றிக்கொண்டிருந்தது.

அந்தச் சமயத்தில்தான் அவருடைய புது ஆட்டம் திக்கித் திக்கி ஓட ஆரம்பித்தது. மேசையைக் குத்துவார். நான் மிக்ஸி போட்டால் கரண்டு குறைகிறது என்று கத்துவார். "ஞாயித்துக்கிழமை போட்டி. இப்படித் திக்கினா எப்படி ஜெயிக்கிறது? இந்த வீட்ல எவனுக்காவது அக்கறை இருக்கா?" என்றார். இருந்தது. கம்ப்யூட்டர் கடைக்காரர் வந்தபோது நான் கேட்டேன்.

"ஓவர்லே ஆன்ல இருக்காம்மா? அதான் வேலை. ஆட்டத்து மேல இன்னொரு கண்ணாடி மாட்டின மாதிரி. பழைய மிஷினால ரெண்டையும் தூக்க முடியாது. அத ஆஃப் பண்ணுங்க, வெண்ணெய் மாதிரி ஓடும்."

"பண்ணினா வேற ஏதும் பிரச்சனை வருமா?"

"மெசேஜ் எதுவும் ஆட்டத்துக்கு நடுவுல வராது. விளையாடுறவருக்கு அது நிம்மதிதானேம்மா."

எந்தப் பக்கத்தில் போய் எதை அழுத்த வேண்டும் என்று தன் போனிலேயே படம் காட்டினார். நான் சொன்னேனே, நல்ல மனிதர்.

ஞாயிற்றுக்கிழமை எங்கள் கடை உண்டு. அன்று மாமாவைப் பார்த்துக்கொள்வது உங்கள் தம்பியின் பொறுப்பு. அவர் குளிக்கப் போனதும் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்தேன். ஓவர்லே என்ற எழுத்துக்குப் பக்கத்தில் நீலமாக இருந்தது, தொட்டதும் சாம்பலாக மாறியது. அவ்வளவுதான் நான் செய்தது. இரண்டு நாளாகப் பனி, மாமாவின் நெஞ்சில் விசில் கேட்டுக்கொண்டிருந்தது. போகும்போது வெந்நீர், மருந்துக் குப்பிகள், மிஷின் எல்லாவற்றையும் கைக்கெட்டும் இடத்தில் வைத்தேன். நான் அலட்சியக்காரி இல்லை. இரைப்பு வந்தால் அந்தக் குப்பியின் கழுத்தைத் திருகி உடைக்க மாமாவின் விரலுக்கு வலு இருக்காது, அது வேறு விஷயம். "போயிட்டு வா, கண்ணாடி" என்றார்.

ஒரு தாயும் மகளும் பிரேம் பார்க்க வந்திருந்தார்கள். அந்தப் பெண்ணுக்கு மூக்கு சிறியது, எதைப் போட்டாலும் வழுக்கியது. மூக்குப் பட்டையை வளைத்துக்கொண்டிருந்தபோது என் போன் அதிர்ந்தது. வீடு. ஒரு புள்ளி. கொஞ்சம் கழித்து இன்னொன்று. எதிர்வீட்டுக்காரரிடம் எங்கள் வீட்டுச் சாவி உண்டு, அவர் எண் என்னிடம் உண்டு. இதையெல்லாம் நான் மறக்கவில்லை. போனைத் துடைக்கும் துணியின் மேல் கவிழ்த்து வைத்தேன். அது துணிக்குள்ளேயே அதிர்ந்தது. "உங்களுக்கு கால் வருது போலிருக்கு" என்றாள் அந்தத் தாய். வீட்டிலிருந்துதான், அவர் பார்த்துக்கொள்வார் என்றேன்.

உங்கள் தம்பி ஜெயித்தார். ஒரு தடவைகூடத் திக்கவில்லையாம். அந்தச் சந்தோஷத்தை எழுதத்தான் சமையலறைக்குப் போய்ப் போனை எடுத்திருக்கிறார். அதில் வரிசையாகப் புள்ளிகள்.

அவர் மாமாவோடு ஆம்புலன்சில் போய்விட்டிருந்தார். நான் வீட்டுக்கு வந்தேன். முன்னறையில் கம்ப்யூட்டர் இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. உட்கார்ந்தேன். சாம்பலைத் தொட்டு நீலமாக்கிவிட்டு, முகம் கழுவிக்கொண்டு ஆஸ்பத்திரிக்குக் கிளம்பினேன்.

பதினாறாம் நாள் காரியமெல்லாம் முடிந்து நீங்கள் எல்லோரும் போன பிறகு, அவர் என்னைக் கூப்பிட்டு, "உன் போன்ல இருந்து ஒரு புள்ளி வை" என்றார். வைத்தேன். மூலையில் பெட்டி வந்தது. இன்னொன்று வைக்கச் சொன்னார். வந்தது. "வருதே" என்றார். "அப்ப அன்னைக்கும் வந்திருக்கும். நான் பாத்திருக்கேன். பாத்துட்டு உக்காந்திருக்கேன். அந்தப் பட்டனக்கூட அமுக்கலையேம்மா, அவருக்கு." தினமும் கேட்கிறார், தினமும் வைக்கிறேன். தினமும் வருகிறது. ஆட்டத்தை விட்டுவிட்டார். தன் கண்ணையே நம்புவதில்லை. "நான் பாக்கல" என்று உங்களிடம் சொல்லும்போதுகூட அவர் குரலில் அவருக்கே நம்பிக்கை இல்லை. கவனித்தீர்களா?

நான் குளியலறையில் கிடந்த அன்று அவர் சொன்னது பொய், நீங்கள் நம்பினீர்கள். இன்று சொல்வது உண்மை, அதையும் நம்புகிறீர்கள். உங்கள் நம்பிக்கைக்கு இரண்டும் ஒன்றுதான். எனக்கு அப்படி இல்லை. அதனால்தான் சொன்னேன்.

எழுந்திருக்காதீர்கள். கேட் சத்தம் கேட்கிறது, மாத்திரையோடு ஓடி வருகிறார். அவரிடம் சொல்வதென்றால் சொல்லுங்கள். ஆனால் இன்னும் ஒன்று மீதி இருக்கிறது. அது அவருக்குத் தெரியாது, உங்களுக்குத் தெரிய வேண்டும். உங்கள் அப்பா அல்லவா.

கடைசியாக மாமா குழுவில் எழுதவில்லை. எனக்குத் தனியாக எழுதினார். புள்ளி அல்ல. அந்த நடுங்கும் விரலால் ஒவ்வொரு எழுத்தாகத் தேடி, 'கண்ணாடி' என்று முழுதாக எழுதியிருந்தார். மகன் வரமாட்டான் என்று தெரிந்துகொண்டு என்னைக் கூப்பிட்டிருக்கிறார். துணியை விலக்கிப் பார்த்தேன். அந்தப் பெண்ணின் மூக்கில் பிரேம் அப்போதுதான் சரியாக உட்கார்ந்திருந்தது.

அஞ்சே நிமிஷம் என்று பதில் போட்டேன்.

மாமா மேல் எனக்கு எந்தக் கோபமும் இல்லை, அண்ணி. அவர் கூப்பிட்டு, பதில் சொல்லாமல் இருக்க எனக்கு மனசு வரவில்லை.