அவருக்கு எடுத்து வைத்த துண்டு

ஆம்பூரிலிருந்து பேரணாம்பட்டு போகும் பஸ்ஸில், எனக்கு முன் சீட்டில் ஷூ கம்பெனிப் பெண்கள் இருவர் பேசிக்கொண்டு வந்தார்கள்.

“கேக்கு மாதிரி ஒண்ணு செஞ்சேன். தேய்ச்ச மாவுல மாம்பழத்த அடுக்கி, ஓரத்த கையாலயே மடிச்சு விட்டேன்க்கா. கோணலா இருந்தாதான் அழகுன்னாரு எங்க வூட்டுக்காரரு.”

“அவரு துபாய் போயி மூணு வருசம் ஆவுதே?”

“அங்க பேக்கரில அவருக்கு அதான் வேலை. போன்லயே சொல்லிக் குடுத்தாரு. குக்கர் அடியில உப்பு கொட்டி, அதுமேல தட்ட வச்சு வேக வச்சேன். வெந்ததும் வீடியோல காட்டினேன். வாசனை எப்டி இருக்குதுன்னு கேட்டாரு. எனக்கு ஒரு துண்டு எடுத்து வைன்னாரு.”

“வச்சியா?”

“வச்சேன். மறுநாளே எறும்பு மொய்ச்சிடுச்சு. தூக்கிப் போட மனசு வரல. எறும்ப ஊதிட்டு நானே சாப்ட்டேன்.”

“அவர்கிட்ட இன்னா சொன்னே?”

“அப்டியே இருக்குது, சீக்கிரம் வாங்கன்னேன்.”