டிவியில அழுத பொண்ணு

தலைய தடவாதீங்கக்கா, ஒரு மாதிரியா இருக்கு. ஆமா, அந்த டிவில அழுத சிந்துஜா நான்தான். டிவில காட்டுன மாதிரி கஸ்டமரு இல்லக்கா. பதினொண்ணாவதோட படிப்ப நிறுத்திட்டு, ஆறு மாசமா இந்த ஓட்டல்லதான் டோக்கன் போடறேன்.

விழுப்புரத்துலேர்ந்தா வர்றீங்க, இந்தக் காரக்கொழம்புக்கா? உங்களுக்கும் அம்மா இல்லியா. அய்யோ. அப்ப டோக்கன் வாங்காதீங்க. மெதுவா பேசுங்க, மொதலாளி உள்ளதான் இருக்காரு.

அந்த டிவி புரோகிராமு காசு குடுத்து எடுத்ததுக்கா. ஆமா, கடைக்காரங்கதான் டிவிக்குக் குடுக்கணும். பின்ன, அவங்களா ருசிய தேடிக்கிட்டு வந்தாங்கன்னு நெனச்சீங்களா? அன்னிக்கு எங்க மாஸ்டர் வெச்ச கொழம்ப டிவிக்காரரு வாயில வெச்சாரு, மூஞ்சி கோணிப்போச்சு. புளி ஜாஸ்தி. கேமரா ரெடியா நிக்குது. மொதலாளி என்னைய ஸ்கூட்டில அனுப்பி, வேங்கிக்கால்ல கலெக்டர் ஆபீசாண்ட, மனு குடுக்க வர்றவங்களுக்கு சோறு போடற தள்ளுவண்டிலேர்ந்து ஒரு தூக்கு கொழம்பு வாங்கியாரச் சொன்னாரு. டிவின்னதும் அந்தம்மா காசுகூட வாங்கல. நல்ல கத்திரிக்காயா பாத்து அள்ளிப் போட்டாங்க. அதத்தான் இங்க எலையில ஊத்துனாங்க.

சாப்பிட ஆளு வேணுமில்ல, என்னைய உக்கார வெச்சாங்க. சூப்பரா இருக்குன்னேன். டைரக்டருக்குப் பத்தல. பீலிங் வேணும்மா, ஊட்ல அம்மா இருக்காங்களான்னாரு. இருக்காங்கன்னு சொல்லிருந்தா விட்டுருப்பாரு. நானேதான் இல்லன்னேன். யாரும் சொல்லிக் குடுக்கலக்கா. அம்மா போயி மூணு வருஷமாச்சு, அந்தக் கை ருசி இங்கதான் கெடைக்குதுன்னேன். அழுகையும் நல்லா வந்துச்சு. ஒரே டேக்கு. எல்லாரும் கை தட்டுனாங்க, எனக்கும் பெருமையாதான் இருந்துச்சு.

எதுக்கு அப்டி சொன்னேன்னா? அந்த நிமிஷம் அப்டி வாயில வந்துச்சு.

நீங்க வேங்கிக்கால் போய் சாப்டுங்க, ஷேர் ஆட்டோ கெடைக்கும். நான் அனுப்புனேன்னு மட்டும் சொல்லிடாதீங்க. அந்தத் தள்ளுவண்டி எங்கம்மாவோடது.

அவங்க கொழம்பு டிவில வருதுன்னு தெருவையே கூப்ட்டு உக்கார வெச்சிருந்தாங்கக்கா. நான் பேசுனது வந்ததும் ஒவ்வொருத்தரா எழுந்து போய்ட்டாங்க. அம்மா திட்டக்கூட இல்ல. டிவிய அணச்சிட்டு, சாப்ட்றியான்னு கேட்டாங்க.