நட்டுவாக்காலி என்று சேமித்த எண்

"ஹலோ... ஹலோ, பாலுவா? ... பாலு நம்பர்தானே இது. ... ஹலோ, சத்தமாப் பேசுங்க, இங்க மிக்சி ஓடுது... இருங்க, நிறுத்திட்டேன். ... யாரு? ... இருசம்மாவா?"

யமுனா ஈரக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டாள். தம்பி பாலுவின் எண்ணிலிருந்து அவளுக்கு அழைப்பு வந்து ஆறு வருஷம் ஆகிறது. அதுவும் பேசுவது தம்பி இல்லை, தம்பி பெண்டாட்டி. நல்ல செய்திக்கு இருசம்மாள் கூப்பிடமாட்டாள் என்பது யமுனாவுக்குத் தெரியாததா.

"ஆமா, அண்ணிதான் பேசுறேன். சொல்லு. ... அழாத. அழுதுக்கிட்டே சொன்னா எனக்கு ஒண்ணும் விளங்கல. ... பூச்சி கடிச்சிருச்சா? யாருக்கு? ... பாலுவுக்கா? ... எந்தப் பூச்சி? ... இருசம்மா, பூச்சி பூச்சின்னா நான் என்னன்னு எடுத்துக்கறது. பேரைச் சொல்லு, சொன்னா ஒண்ணும் ஆயிராது. பாம்பா? ... தேளா. சரி, தேளு. எங்க? ... கையில. எத்தனை மணிக்கு? ... ஒன்பதே முக்காலுக்கா. இப்ப மணி பத்தரை ஆகுது."

ஸ்ரீரங்கத்தில் மூன்றாம் மாடி வீடு அது. ஜன்னலைத் திறந்தால் கொள்ளிடத்து மணல் தெரியும். ஒரு ஆளுக்குச் சட்னி அரைத்தால் மிக்சி ஜாரின் பக்கத்திலெல்லாம் ஒட்டிக்கொண்டு, அடியில் பிளேடு மட்டும் வெறுமனே சுற்றும். ஓய்வு பெற்ற மூன்று வருஷமாக அந்தச் சத்தம்தான் அவளுக்குக் காலை நேரத்துப் பேச்சுத்துணை. மற்றபடி ஒரு நாளில் அவளிடம் வாயைத் திறக்கிற ஒரே ஜீவன், கீழே வாட்ச்மேன் இருதயநாதன். அவரும் 'சாப்பிட்டீங்களா சிஸ்டர்' என்பதோடு நிறுத்திக்கொள்வார். முப்பத்து மூன்று வருஷம் அரசாங்க ஆஸ்பத்திரி வார்டை ஆட்டிப் படைத்தவளுக்கு இது போதுமா என்று யாரும் கேட்கவில்லை.

"வேர்க்குதா? ... எவ்வளவு, சட்டை நனையற அளவுக்கா? ... ம். கையைத் தொட்டுப் பாரு, கொட்டின கை இல்ல, மத்த கை. ... சில்லுன்னு இருக்கா. கால்? ... ம். வாந்தி? ... ரெண்டு தடவை. இருமுறானா? ... இல்லையா, நல்லது. இப்ப சொல்லு, தேளை நீ பாத்தியா? ... அடிச்சிட்டீங்களா. எம்மாம் பெரிசு? ... உன் சுண்டுவிரல் அளவு. கலரு? ... ம். ... செங்கல் கலரு."

அடுப்பில் தோசைக்கல் காய்ந்துகொண்டிருந்தது. அணைத்தாள்.

பாலு இருக்கிற உப்பிலியபுரத்தில் கல்லைப் புரட்டினால் தேள்தான். பச்சைமலை அடிவாரத்து ஊர், அதற்கு அவர்கள் என்ன செய்வார்கள். அந்தத் தேள்களிலேயே பெரிய மனுஷன் நட்டுவாக்காலி. கரேலென்று உள்ளங்கை நீளத்துக்கு, நண்டு மாதிரி இரண்டு இடுக்கியைத் தூக்கிக்கொண்டு வரும். பார்த்த மாத்திரத்தில் குலை நடுங்கும். ஊருக்கு அந்தப் பெயரே போதும். கடுகடுப்பான ஹெட்மாஸ்டர் நட்டுவாக்காலி, மருமகளை உட்காரவிடாத மாமியார் நட்டுவாக்காலி, சோறு உண்ணாத பிள்ளையை மிரட்டுவதும் அதை வைத்துத்தான். சுண்டுவிரல் நீளத்துச் செந்தேளுக்கு இந்த மரியாதையெல்லாம் கிடையாது. கொட்டினால் சுண்ணாம்பைத் தடவிக்கொண்டு, பாடம் போடுகிறவரிடம் மந்திரித்துக்கொண்டு, மிச்ச வேலையைப் பார்க்கப் போய்விடுவார்கள்.

வார்டில் யமுனா பார்த்தது வேறு. நட்டுவாக்காலி கொட்டியவர்கள் ஊரையே கூட்டிக்கொண்டு அலறியடித்து வந்து, ஒரு ஊசியைப் போட்டுக்கொண்டு சாயங்காலம் பஸ் ஏறிப் போனார்கள். செந்தேள் கொட்டியவர்கள் சாவகாசமாக வந்தார்கள். அவர்களில் நெஞ்சில் தண்ணீர் கோத்து, இருமி, மூச்சுத் திணறிய சிலருடைய செருப்பை மட்டும் வீட்டுக்காரர்கள் எடுத்துப்போனதை அவள் பார்த்திருக்கிறாள்.

"இருசம்மா, நான் சொல்றதைப் பதறாம கேளு. அது ஆளைக் கொல்ற தேளு. ... ஆமா, அந்தச் சின்னதுதான். பெரிசு கறுப்பு, அது வெறும் வலிதான். ... என்ன சொல்றான் அவன்? ... 'நட்டுவாக்காலியா கொட்டிச்சு, எதுக்கு ஊரைக் கூட்டுற'ங்கறானா? அப்படித்தான் சொல்லுவான், உங்க ஊரே அப்படித்தான் சொல்லும். ... பாடம் போடுறவருக்கு ஆள் போயிருக்கா? வரட்டும். வண்டியில ஏறி உக்காந்து போடட்டும், நான் வேணாங்கல. ... கையில கயிறு கட்டியிருக்கா? அவிழ்த்துடு. ... உடனே அவிழ்த்துடு. 108-க்குச் சொன்னியா? ... வர அரை மணி நேரமாகுமா. நவநீதன் லோடு ஆட்டோ வச்சிருந்தானே, இருக்கானா? ... அவனைக் கூப்பிடு. துறையூர் ஆஸ்பத்திரிக்கு விடச் சொல்லு. ... வரமாட்டேங்கறானா. யாரு, நவநீதனா? ... பாலுவா."

சற்று நேரம் அந்தப் பக்கத்துப் பேச்சைக் கேட்டுக்கொண்டு நின்றாள். நடுவில் ஒரு சந்தேகம் வந்தது.

"அது சரி, என் நம்பரை யார் எடுத்துக் குடுத்தா? அவனா? ... அவனுக்குத் தெரியாமலா. ... யமுனான்னு தேடினா வரலையா. பின்ன எந்தப் பேர்ல இருந்துச்சு? ... சொல்லு. ... பரவாயில்ல சொல்லு, நான் ஒண்ணும் நினைச்சுக்க மாட்டேன். ... ... ஓ."

சிரித்துவிட்டாள். நட்டுவாக்காலி என்று அவளை முதலில் கூப்பிட்டது வார்டில் புதிதாகச் சேர்ந்த பெண்கள். முதுகுக்குப் பின்னால் கூப்பிட்டார்கள், அவள் காதில் விழாத மாதிரி போய்விடுவாள், உள்ளுக்குள் கொஞ்சம் பெருமைகூட. தம்பி வீட்டில் அந்தப் பெயர் வந்த விதம் வேறு. அது பெருமைப்படுகிற விஷயம் இல்லை. ஆனாலும் இப்போது அவளுக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது. எந்தப் பெயரிலோ, ஆறு வருஷமாக அவன் அந்த எண்ணை அழிக்காமல் வைத்திருக்கிறான்.

"சரி, அது கிடக்கட்டும். போனை அவன் காதுல வை. ... வாங்க மாட்டான்னு தெரியும். நீ காதுல வை, மத்ததை நான் பாத்துக்கறேன்."

ஆறு வருஷத்துக்கு முன்னால் அவர்களுடைய அப்பாவுக்கு நெஞ்சு வலித்தது. வாயுப் பிடிப்பு என்று ஓமத் தண்ணி கொடுத்து, இரண்டு மணி நேரம் கழித்துத்தான் பாலு திருச்சிக்குக் கொண்டுவந்தான். ஸ்ட்ரெச்சரிலேயே போய்விட்டார். ஆஸ்பத்திரி வராந்தாவில் சொந்தபந்தம் அத்தனை பேரும் நிற்க, யமுனா தம்பியின் முகத்துக்கு நேரே சொன்னாள், 'நீதாண்டா அப்பாவைக் கொன்னே' என்று. பாலு அன்றோடு அக்காளிடம் பேச்சை நிறுத்தினான். ஆஸ்பத்திரி வாசலை மிதிப்பதையும் நிறுத்தினான். இருசம்மாளுக்கு ஆபரேஷன் நடந்தபோதுகூட எதிர்ப்பக்கத்து டீக்கடையில்தான் உட்கார்ந்திருந்தானாம்.

"பாலு... அக்கா பேசுறேன். ... வச்சிடாத. ... சரிடா, பேச வேணாம், கேளு. நான் உன்னை ஆஸ்பத்திரிக்கு வான்னு கூப்பிடல. வேற ஒண்ணு சொல்லணும். ... அப்பாவைப் பத்தி."

யமுனா அடுப்படி மேடையைப் பிடித்துக்கொண்டாள்.

"அன்னிக்கு நீ ரெண்டு மணி நேரம் முன்னாடியே கொண்டுவந்திருந்தாலும் அப்பா பிழைச்சிருக்க மாட்டாருடா. ... பெரிய அடைப்பு. ஆஸ்பத்திரிக்குள்ளேயே வலி வந்திருந்தாலும் ஒண்ணும் பண்ணியிருக்க முடியாது. ... டாக்டர்தான் சொன்னாரு. ... எப்பன்னா... மூணாம் நாள். என்னைக் கூப்பிட்டு உக்கார வச்சுச் சொன்னாரு. ... ஆமா. ... ஆமாடா, அப்பவே தெரியும். ஆறு வருஷமாத் தெரியும்."

அந்தப் பக்கம் எங்கோ ஒரு கோழி மட்டும் விடாமல் கொக்கரித்துக்கொண்டிருந்தது.

"ஏன் சொல்லலைன்னா என்னத்தைச் சொல்றது. நீ வந்து சண்டை போடுவ, அப்ப சொல்லிக்கலாம்னு இருந்தேன். நீ வரல. அப்புறம் சொல்லணும்னா நான்ல வந்து உன் வாசல்ல நிக்கணும். எனக்கு வாய் நீளம்னு எல்லாருக்கும் தெரியும், அன்னிக்கு நான் சொன்னது தப்புன்னு சொல்ல மட்டும் வாய் வரல. ... திட்டு. நல்லாத் திட்டு, எனக்கு வேணும். ஆனா வண்டியில ஏறித் திட்டு. உன் மேல தப்பு இல்லடா, அன்னிக்கும் இல்ல. ஆஸ்பத்திரிக்குப் போனா யாரும் உன்னை எதுவும் கேக்க மாட்டாங்க. ... பாலு? ... பாலு?"

இதைச் சொன்னால் என்ன ஆகும் என்று அவளுக்குத் தெரியும். கடிந்து பேசிய அக்காளோடு எந்தத் தம்பியும் என்றாவது ஒரு நாள் ராசியாகிவிடுவான், ஒரு கல்யாணத்தில், ஒரு காதுகுத்தில். தப்பு அவனுடையது இல்லை என்று தெரிந்தும் ஆறு வருஷம் பழியை அவனைச் சுமக்கவிட்டவளோடு எப்படி ராசியாவான்? அந்தக் கல்யாணத்தையும் காதுகுத்தையும் நம்பித்தான் அவள் நாளை ஓட்டிக்கொண்டிருந்தாள். இப்போது அதையும் தன் வாயாலேயே கெடுத்துக்கொண்டாள். கண்ணீர் வந்தது, துடைக்கவில்லை.

"இருசம்மா? ... என்ன பண்றான்? ... எழுந்துட்டானா. நடக்க விடாத, நவநீதனைத் தூக்கச் சொல்லு. ... ஏறிட்டானா? ... ஏறிட்டானா, சரி, சரி. முதுகுக்குத் தலகாணியைக் குடுத்துச் சாய்ச்சு உக்கார வை. ஒண்ணும் குடிக்கக் குடுக்காத. அந்தச் செத்த தேளை ஒரு டப்பாவுல போட்டு எடுத்துக்க, காட்டலாம். ... இருசம்மா, போனை வச்சிடாத. நீ பேச வேணாம், சும்மா மடியில வச்சுக்க. நான் கேட்டா மட்டும் பதில் சொல்லு."

லோடு ஆட்டோ கிளம்புகிற சத்தம் கேட்டது. யமுனா அடுப்படித் தரையிலேயே உட்கார்ந்துகொண்டாள். அதற்கப்புறம் அரை மணி நேரம் அவள் காதில் விழுந்ததெல்லாம் எஞ்சின், ஹாரன், ஆட்டு மந்தை ஒன்று, இருசம்மாளின் விசும்பல், நவநீதன் யாரையோ ஓரம் போகச் சொல்லி வைத வசவு.

"இருசம்மா, இருமுறானா? ... இல்ல. சரி. ... மூச்சு வாங்குதா? ... என்ன கேட்டாலும் பேச மாட்டேங்கறானா. ... என் மேல கோவமா இருப்பான், விடு. கண்ணு தொறந்திருக்கானா? ... போதும். ... எங்க வந்திருக்கீங்க? ... ம். ... ம். ... நானா? நான் எங்க போகப்போறேன், இங்கதான் இருக்கேன்."

தம்பி அந்தப் பக்கம் சாகக் கிடக்கிறான். இந்தப் பக்கம் இவளுக்கு வீட்டில் மனுஷச் சத்தம் கேட்கிறதே என்று ஓர் ஓரத்தில் ஆறுதலாக இருந்தது. அதை நினைத்து வெட்கப்பட்டாள். வெட்கப்பட்டும் போனைக் காதிலிருந்து எடுக்கவில்லை.

"என்ன, வந்தாச்சா? ... உள்ள கொண்டுபோயிட்டாங்களா. ... இருசம்மா, நீ அழாம நில்லு. அங்க டியூட்டியில இருக்கற சிஸ்டர்கிட்ட போனைக் குடு. ... அவங்க ஃப்ரீ ஆனதும் குடு, அவசரமில்ல, நான் லைன்லேயே இருக்கேன். ... ... ... ஹலோ, சிஸ்டர்? வணக்கம்மா. நான் யமுனா, ரிடையர்டு ஸ்டாஃப் நர்ஸ், ஸ்ரீரங்கத்துலேருந்து பேசுறேன். இப்ப வந்தாங்களே, செந்தேள் கொட்டினவர். ஒன்பதே முக்காலுக்குக் கொட்டியிருக்கு, வாந்தி ரெண்டு, வேர்த்துக் கொட்டியிருக்கு, கை கால் சில்லுன்னு. ... டாக்டர் பாத்துட்டாரா. ... பிரஷர் எவ்வளவு? ... நூத்தி எழுபதா. ம். ... மாத்திரை குடுத்துட்டீங்களா. நல்லது, நல்லது. எழுந்து நிக்க மட்டும் விடாதீங்க, பாத்ரூமுக்குக்கூட. ... தெரியும்மா, உங்களுக்கு நான் சொல்லணுமா, பழக்கதோஷம்."

அந்தப் பக்கம் காகிதம் புரளும் சத்தம். யமுனாவுக்கு அந்தச் சத்தம் நன்றாகத் தெரியும், கேஸ் ஷீட் எழுதுகிறார்கள்.

"உறவா? ... நான் அக்கா. கூடப்பிறந்த அக்கா. ... ஏன், அவரைக் கேட்டீங்களா? ... என்ன சொன்னாரு? ... சொல்லுங்கம்மா, பரவாயில்ல. ... ..."

ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள், யாரோ பார்த்துக்கொண்டிருப்பது போல.

"அக்காவே கிடையாதுங்கறானா. ... இல்லம்மா, நீங்க ஏன் சங்கடப்படுறீங்க. அவர் சொன்னபடியே எழுதிக்கங்க. எனக்கு ஒண்ணே ஒண்ணு தெரியணும். அதை எப்படிச் சொன்னான்? ... இல்ல, கோவத்தைக் கேக்கல. நடுவுல மூச்சு வாங்கிச்சா? விட்டு விட்டுச் சொன்னானா? நல்லா நினைச்சுப் பாத்துச் சொல்லுங்க. ... ... ஒரே மூச்சுல. ... வார்டுக்கே கேக்கற மாதிரியா. இருமல்? ... இல்ல. ... அப்ப நெஞ்சுல தண்ணி கோக்கலம்மா. பிழைச்சுப்பான். ... பிழைச்சுப்பான். ... சரிம்மா, உங்களுக்கு வேலை இருக்கும். வைங்க."

வைத்துவிட்டார்கள்.