லூக்காவின் மஞ்சள் அங்கி

பல்லரோ சந்தையில் நல்ல மீன் வேண்டுமென்றால் காலை எட்டு மணிக்கு முன் போய்விட வேண்டும். பிந்திப் போகிறவர்களுக்குக் கண் வெளுத்த மீன்தான். ஆறு வருஷமாக நான் எட்டுக்கு முன்புதான் போனேன். என் கையால் வைத்த மீன் சூப் இல்லாமல், நான் வேலைக்கு நின்ற வீட்டுப் பெரியவர் புரொஃபெஸ்ஸோரேக்கு ஒரு வெள்ளிக்கிழமையும் போனதில்லை. அவரை நான் எப்படிப் பார்த்துக்கொண்டேன் என்பது தெரிய வேண்டும், ஐயா, அதற்காகச் சொல்கிறேன். தமிழிலேயே வாக்குமூலத்தை எழுது, இந்திராதேவி அம்மா மொழிபெயர்த்துத் தருவார் என்றீர்கள். எழுதுகிறேன்.

என் பெயர் யோசப்பின். ஊர் மன்னாரில் பேசாலை. கடலுக்குப் போன புருஷன் திரும்பவில்லை. மகள் கிளறாவுக்குப் பதினாலு வயது. மடு மாதா கோயில் வளவில், அகதிக் கொட்டிலில் இருக்கிறாள். அவளை இங்கே எடுப்பதென்றால் எனக்குப் பெர்மெஸ்ஸோ, இந்த நாட்டில் தங்கும் அனுமதி, இருக்க வேண்டும். பெர்மெஸ்ஸோவைப் புதுப்பிப்பதென்றால், இவள் என்னிடம் வேலை செய்கிறாள் என்று புரொஃபெஸ்ஸோரே கையெழுத்துப் போட வேண்டும். தொண்ணூற்றேழு நவம்பரில் புதுப்பிக்க இருந்தது. ஏப்பிரலில் புரொஃபெஸ்ஸோரே படுக்கையில் விழுந்தார். நாலடி நடந்தால் மூச்சு வாங்கியது. வயதுக்கு மருந்து இல்லை என்று டொக்டர் கையை விரித்தார்.

நவம்பர் வரைக்கும் அவர் இருக்க வேண்டும் என்று நான் நினைத்தது உண்மை. அவர்மேல் பாசம் இருந்ததும் உண்மை.

அவருடைய வீட்டுக் கண்ணாடி அலுமாரியில் ஒரு கிரேக்கச் சுவிசேஷம் இருந்தது. தொள்ளாயிரம் வருஷப் பழசு, ஆட்டுத்தோலில் கையால் எழுதியது. கிரேக்கம் படிப்பித்தவர் அல்லவா, ஞாயிறுகளில் திறந்து எனக்கும் காட்டுவார். சுவிசேஷம் எழுதிய நாலு பேரும் அதில் படமாக இருந்தார்கள். லூக்கா மஞ்சள் அங்கி போட்டிருந்தார். இவர் வைத்தியர் என்று சொன்னது புரொஃபெஸ்ஸோரேதான்.

எங்கள் பக்கத்தில் பாம்பு கடித்தால் மடு மண்ணைக் கரைத்துக் கொடுப்பார்கள். என் தம்பி அப்படித்தான் பிழைத்தான். கோயில் வளவு மண்ணுக்கே அந்த வலு என்றால், தொள்ளாயிரம் வருஷம் கர்த்தருடைய வார்த்தையோடு கிடந்த வர்ணத்துக்கு எவ்வளவு வலு இருக்கும். இதில் பிழை எங்கே என்று எனக்கு இன்னும் விளங்கவில்லை.

பழம் சீவும் கத்தியால் லூக்காவின் அங்கி ஓரத்தைச் சுரண்டினேன். நகநுனி அளவுதான். அருள்நிறைந்த மரியே மூன்று தரம் சொல்லி, சூப்பில் கலந்தேன். அந்தக் கிழமை அவர் எழும்பி இருந்து சாப்பிட்டார். எனக்குச் சந்தோஷத்தில் அழுகை வந்தது.

பிறகு சத்தி எடுத்தார். வயிற்றால் போனது. உள்ளங்கை தடித்து உரிந்தது. மடு மண் கொடுத்தாலும் முதலில் சத்திதான் வரும், விஷம் இறங்குகிற அடையாளம் அது. ஆகவே ஒரு நகநுனியை இரண்டு நகநுனியாக்கினேன். அங்கி முடிந்ததும் மத்தேயுவின் ஆசனம், அதுவும் முடிந்ததும் மஞ்சள் எழுத்துகள். எழுத்தைச் சுரண்டினாலும் அதன் தடம் தோலில் இருந்தது. லூக்காவின் கண்களை நான் தொடவில்லை. எந்தப் பக்கம் நின்றாலும் அவை என்னைப் பார்த்தன. இப்போது நீங்கள் தந்த இந்த அறையின் வெள்ளைச் சுவரிலும் அந்தத் தடங்கள் தெரிகின்றன. கண்ணை மூடினால் இன்னும் தெளிவாகத் தெரிகின்றன. எனக்குப் பயமாக இருக்கிறது.

மாதாவின் ஆவணித் திருநாளுக்கு நான்கு நாள் லீவில் போனேன். அவருடைய அக்காவின் மகள் சின்யோரா ஜூலியா வந்து நின்றார். மாதம் ஒருமுறை கதிரை நுனியில் இருந்துவிட்டுப் போகிறவர், அக்கறை எல்லாம் வாயில். நான் திரும்பி வந்தபோது புரொஃபெஸ்ஸோரே தெளிவாக இருந்தார், பேப்பர் வாசித்தார். மருந்து கேட்கத் தொடங்கிவிட்டது என்று மாதாவுக்கு நன்றி சொல்லி, விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தேன்.

செப்டெம்பரில் அவர் புத்தகத்தைக் கேட்டார். மடியில் வைத்தேன். லூக்காவைத் திறந்து, வெறும் தோலை விரலால் தடவினார். பிறகு சூப் கோப்பையைப் பார்த்தார். படித்த மனிதர், உடனே விளங்கிவிட்டது.

"யோசப்பின், அந்த மஞ்சள் பாஷாணம். நீ என்னைக் கொல்லுறாய்."

"சும்மா இருங்கோ புரொஃபெஸ்ஸோரே. நோய் இளகுது. இப்ப விடக்கூடாது."

அவர் வாயை இறுக மூடிக்கொண்டார். வருத்தக்காரர் மருந்து வேண்டாம் என்றுதான் சொல்வார்கள். சின்ன வயதில் கிளறாவுக்குப் பருக்கியதுபோல மூக்கைப் பிடித்து, தாடையை அமத்தி, கரண்டியால் பருக்கினேன். நாலு நாள் அப்படித்தான் கொடுத்தேன். அவர் கதைத்துக் களைக்கக் கூடாதென்று டெலிபோனைக் கழற்றி வைத்தேன். ஐந்தாம் நாள் காலை, கண் திறந்தபடி போய்விட்டார். நவம்பருக்கு இன்னும் ஆறு கிழமை இருந்தது. கொஞ்சம் ஒத்துழைத்திருந்தால் எட்டியிருக்கலாம்.

"அளவுக்கு மிஞ்சினால் அமிர்தமும் நஞ்செண்டு தெரியாதோ உங்களுக்கு?" என்று இந்திராதேவி அம்மா கேட்டார். அளவில் நான் பிசகவே இல்லை. கொன்றேன் என்று எழுதச் சொல்கிறீர்கள். சரி, எழுதுகிறேன். என் கையால் கொடுத்ததில் அவர் செத்தார், அவர் வேண்டாம் என்ற பிறகும் கொடுத்தேன். ஆனால் நஞ்சு என்று மட்டும் எழுத மாட்டேன். நஞ்சென்றால் என் பிள்ளைக்குக் கொடுத்திருப்பேனா?

ஜூலையில் கிளறாவுக்கு மலேரியா என்று கேள்விப்பட்டு, எங்கள் கோயில் பங்கிலிருந்து மன்னாருக்குப் போன ஏர்னஸ்றிடம் ஒரு சின்ன டப்பா நிறையக் கொடுத்தனுப்பினேன். காலையில் ஒரு சிட்டிகை, ஒரு அருள்நிறைந்த மரியே. சொன்ன சொல் தட்டாத பிள்ளை. "அம்மா, சத்தி வருது, ஆனா நீங்கள் சொன்னபடியால் குடிக்கிறன்" என்று செப்டெம்பரில் எழுதினாள். விடாமல் குடி என்று அன்றைக்கே பதில் போட்டேன்.

இது டிசம்பர். அதற்குப் பிறகு கடிதம் இல்லை. வன்னியில் சண்டை நடக்கிறது, தபால் பிந்தும்.