சர்க்கரை போடாத காபி

— வர முடியாதுன்னு சொல்லிட்டேன், அபூ ஸுஹைர். போய் உன் கட்சி ஆபீஸ்ல சொல்லு.

— மெதுவாப் பேசுங்க, அபூ முன்திர். கதவு திறந்திருக்கு. இந்தத் தெருவுல நீங்க ஒருத்தர்தான் இன்னும் ஓட்டுப் போடலை. டமாஸ்கஸ்ல இருந்து ரெண்டு தடவை போன் வந்துடுச்சு.

— ஏன், என் தம்பி போட்டுட்டானாமே. செத்துப் போனவன். போன தடவையும் வந்திருந்தான், என் கண்ணால பார்த்தேன். கபன் துணியோட வரிசையில நின்னான். வெயில் தாங்கலைன்னு கோவிச்சுக்கிட்டு கபுர்க் குழிக்கே திரும்பிட்டான். ஆனாலும் அவன் ஓட்டு விழுந்துடுச்சு.

— இந்தக் கேலியெல்லாம் இன்னைக்கு வேண்டாம்.

— கேலியா? சீட்டுல இருக்குறது தலைவர் பேரு ஒண்ணுதான். 'ஆமாம்'னு குத்திட்டு வரணும். 'இல்லை'யில குத்தின ஒரே ஆளு மளிகைக் கடை வஜீஹ். தும்மல் வந்து கை நழுவிடுச்சுன்னு அழுதான். அவனை விட்டுட்டாங்க. தும்மலைத்தான் இன்னும் விசாரிச்சுக்கிட்டிருக்காங்க.

— சொன்னாக் கேளுங்க. உங்க பையன் முன்திரை ஜெயில்ல இருந்து விடறதைப் பத்தி மேலிடத்துல பேச்சு நடக்குது. இந்த நேரத்துல அப்பன் ஓட்டுப் போடலைன்னா பையனுக்குத்தானே கெடுதல்?

— அவன் என்ன செஞ்சான்? காலேஜ் கூட்டத்துல எழுந்து, தலைவரோட பதவிக்காலம் என்னைக்கு முடியும்னு கேட்டான். அதுக்கு எட்டு வருஷமா ஜெயில். உன் மகன் ஸுஹைர் ஜெர்மனியில சுகமா இருக்கான், உனக்கென்ன. ஒவ்வொரு ஓட்டுக்கும் நீ வந்து இதையே சொல்லுவ. நானும் பின்னாலயே வந்து 'ஆமாம்'னு குத்துவேன்.

— பையன் நல்லா இருக்கான். போன மாசம்கூட காவலர் ஒருத்தர் பார்த்திருக்கார். அம்மாவைக் கேட்டானாம்.

— அம்மாவையா... சரி, உக்காரு. காபியைக் குடி, ஆறிடும். சர்க்கரை கிடையாது. கடையில பார்த்தே நாளாச்சு. அதுவும் ஓட்டுப் போடப் போயிருக்கும்.

— பரவாயில்லை, கொடுங்க. ம்... அல்லாஹ் அவன் பாவத்தை மன்னிக்கட்டும்.

— என்ன சொன்ன?

— காபி நல்லா இருக்குன்னேன்.

— இல்ல. காபி குடிச்சா 'இந்த வீட்டுல என்னைக்கும் காபி மணக்கட்டும்'னு சொல்லிட்டுக் கிண்ணத்தைக் கொடுப்போம். கசப்புக் காபியைக் குடிச்சுட்டு நீ சொன்னதைச் சொல்றது துக்க வீட்டுல. இந்த வீட்டுல யாரு செத்தா?

— கசப்பு நாக்குல பட்டதும் பழக்கத்துல வந்துடுச்சு. தினம் ஒரு துக்க வீட்டுக்குப் போய்க்கிட்டிருக்கேன்ல...

— அப்படின்னா என் முகத்தைப் பார்த்துச் சொல்லு. முன்திர் உயிரோட இருக்கான்னு சொல்லு.

— அபூ முன்திர்...

— அவன் அம்மா அடுப்படியில நிக்கிறா. அவ காதுல விழுற மாதிரிச் சொல்லு.

— முதல் குளிர்காலத்துலயே போயிட்டான். சொல்லக் கூடாதுன்னு உத்தரவு. உங்களை ஓட்டுப் போட வைக்கணும்னும் உத்தரவு.

— செத்தவங்க ஓட்டுப் போடுறாங்கன்னு ஊரெல்லாம் கதை சொல்லிச் சிரிச்சேன். கடைசியில, செத்தவனுக்காக ஒவ்வொரு தடவையும் போய்ப் போட்டது நான்தான்.

— மெதுவா... முக்குல ஜீப் நிக்குது.

— நிக்கட்டும். இனிமே எதைக் காட்டி என்னைப் பிடிப்பீங்க? நட, வர்றேன். 'இல்லை'யில குத்தப் போறேன். தும்மல் எதுவும் வரலை, தெரிஞ்சேதான் குத்தினேன்னு உன் ஆபீசரைக் கூப்பிட்டே சொல்லப் போறேன்.

— உங்க காலைப் பிடிக்கிறேன். உங்களைக் கூட்டிட்டு வந்தது நான்னு என் தலையிலதான் விழும்.

— அதுக்கு முன்னால ஒண்ணு சொல்லு. குளிர் வந்தா அவன் அம்மா கண்ணைக் கெடுத்துக்கிட்டு கம்பளிச் சட்டை பின்னுவா. வாசல்ல நின்னு வாங்கிட்டுப் போறவன் நீ. செத்தவனுக்கு எதுக்குடா சட்டை? எவன் மாட்டிக்கிட்டுத் திரியிறான்?

— ஸுஹைருக்குக் கொடுத்தனுப்பினேன். என் மகன் ஜெர்மனியில இல்ல, அபூ முன்திர். ஊருக்காக அப்படிச் சொல்லி வச்சிருக்கேன். அவனும் அதே ஜெயில்லதான். சட்டை சரியா இருக்குன்னு சொன்னானாம், ஒவ்வொரு ஓட்டுக்கும் எங்க வீட்டுக்கு வர்ற ஆபீசர் சொல்றார்.