குட்டிக்கோஸ் ட்ரே காலியான விதம்

அக்கா, அந்த ஞாயிற்றுக்கிழமை மழை வரும்போல இருந்ததும் கொடியில் கிடந்த துணிகளை உள்ளே எடுத்துப் போட்டவன் நான்தான். இதை முதலில் சொல்லிவிடுகிறேன். ஏனென்றால் அன்றைக்கு நான் செய்த அந்த நல்ல காரியத்தைப் பற்றி இதுவரை ஒருவரும் வாய் திறக்கவில்லை. மடித்தும் வைத்தேன். மற்றதெல்லாம் அதற்குப் பிறகுதான் நடந்தது.

நம் குடும்பத்தில் எந்த வழக்கு வந்தாலும் தீர்ப்புச் சொல்வது நீங்கள்தான். தலைமை ஆசிரியை வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகும் அந்தப் பழக்கம் உங்களை விடவில்லை. எங்களுக்கும் அது வசதியாகவே இருக்கிறது. அன்றைக்கும் தீர்ப்புச் சொன்னீர்கள். குட்டிக்கோஸ் முழுவதையும் தின்று தீர்த்தது அப்பா என்றீர்கள். அந்தத் தீர்ப்பு தவறு. கோபப்படாமல் இதைக் கடைசிவரை படியுங்கள். அடுத்த முறை எல்லாரும் சாப்பிட உட்காரும்போது, எழுந்து நின்று சத்தமாகவும் வாசித்துவிடுங்கள்.

கடையில் அதற்கு பிரஸ்ஸல்ஸ் ஸ்ப்ரவுட்ஸ் என்று எழுதி வைத்திருக்கிறார்கள். ஒரு முட்டைக்கோஸ் எலுமிச்சம்பழ அளவுக்குச் சுருங்கிவிட்டால் எப்படி இருக்குமோ அப்படி இருக்கும். அதனால்தான் நமக்கு அது குட்டிக்கோஸ். நான் அதைக் கையால்கூடத் தொடமாட்டேன் என்பது உங்கள் எல்லாருக்கும் தெரியும்.

பத்தொன்பது வருடங்களுக்கு முன்னால், என் மனைவி நம் வீட்டுக்கு வந்த புதிதில், முதல் குடும்ப விருந்துக்கு ஆசை ஆசையாக அதைச் சமைத்தாள். தண்ணீரில் போட்டு அரைமணி நேரம் வேகவைத்துவிட்டாள். பாத்திரத்தை மேஜையில் வைத்து மூடியைத் திறந்ததும், "யாரோ சாக்ஸ் கழட்டின மாதிரி இருக்கே" என்று ஒரு குரல் வந்தது. எல்லாரும் சிரித்தார்கள். அண்ணிக்குப் புரையே ஏறிவிட்டது. அதற்குப் பிறகு விருந்து வேலைகளைப் பிரிக்கும்போதெல்லாம் அண்ணிக்கு முழுக்கோழி, உங்களுக்கு சூப், என் மனைவிக்கு ஐஸ் கட்டியும் டிஷ்யூ பேப்பரும் என்று ஆகிப்போனது. பத்தொன்பது வருடம் ஐஸ் கட்டி கொண்டுவந்தாள். அதில் யாரும் குறை சொன்னதில்லை. நான் மட்டும் ஒருமுறை, சீக்கிரம் உருகுகிறது என்று சொன்னதாக ஞாபகம்.

சாக்ஸ் என்று அன்றைக்குச் சொன்னது யார் என்பது இப்போது முக்கியமில்லை. நான்தான்.

அந்த ஞாயிற்றுக்கிழமை விருந்துக்கு மூன்று மாதம் முன்னால் அவள் உங்களிடம் வந்து, இந்த முறை விருந்து எங்கள் வீட்டில்தானே, ஒரே ஒரு தடவை தொட்டுக்கொள்ள ஏதாவது செய்து வைக்கிறேன் என்று கேட்டாள். நீங்கள் சரி என்றீர்கள். என்ன செய்யப் போகிறாய் என்று அண்ணி கேட்டபோது, குட்டிக்கோஸ் என்றாள். அண்ணி டிஷ்யூ பேப்பரால் வாயைப் பொத்திக்கொண்டார். என் மனைவி அதைப் பார்த்தாள். அந்த நிமிடத்திலிருந்து அவளுக்கு இது வெறும் காய்கறி விஷயமாக இருக்கவில்லை.

மூன்று மாதம் விடாமல் செய்து பழகினாள். மாடிவீட்டுத் தையல்காரம்மாதான் சுவைத்துப் பார்த்து அபிப்பிராயம் சொன்னது. நான் மாட்டேன் என்று முதல் நாளே தட்டைக் கையால் மூடிவிட்டேன். அப்பாவும் அந்த சாக்ஸ் நாளுக்குப் பிறகு அதன் பக்கமே போனதில்லை. ஆனால் காதை மூட முடியாதல்லவா. செய்முறை முழுவதும் எனக்கு மனப்பாடம். அடிக்காம்பை மெல்லிசாக நறுக்கி, ஒவ்வொன்றையும் சரிபாதியாக வெட்ட வேண்டும். கழுவிய பிறகு துணியில் போட்டுச் சொட்டு ஈரம் இல்லாமல் துடைக்க வேண்டும். ஈரம் இருந்தால் வறுபடாது, புழுங்கிவிடும். எண்ணெய், உப்பு, மிளகுத்தூள் போட்டுப் பிசறி, வெட்டிய முகம் கீழே இருக்கும்படி ட்ரேயில் இடம்விட்டுப் பரப்பி, நன்றாகச் சூடேறிய ஓவனில் வைக்க வேண்டும். அதற்குப் பிறகு கிளறக் கூடாது, குத்திப் பார்க்கக் கூடாது, இருபத்தைந்து நிமிடம் சும்மா இருக்க வேண்டும். சும்மா இருப்பதுதான் கஷ்டம் என்று தையல்காரம்மாவிடம் சொன்னாள். கடைசி ஐந்து நிமிடம் இருக்கும்போது பூண்டும் உடைத்த பாதாமும். வெளியே எடுத்ததும் எலுமிச்சைச் சாறு, கொஞ்சம் தேன்.

என் வேலையைப் பற்றியும் நான்கு வார்த்தை சொல்ல வேண்டும். இல்லாவிட்டால் நடந்தது விளங்காது. பலூன் தொழிற்சாலையில் தரம் பார்ப்பது என் வேலை. பலூனைச் சோதிக்க ஒரே வழிதான் உண்டு, வெடிக்கும்வரை ஊத வேண்டும். வெடித்த பிறகு அது நல்ல பலூன் என்று தெரிந்துவிடும், ஆனால் அதை யாருக்கும் விற்க முடியாது. ஒரு பெட்டியில் ஐம்பது பலூன். அதில் ஐந்தை ஊத வேண்டும். ஐந்தும் ஒரே மாதிரி இருந்தால் பெட்டி தேறியது. ஒன்று மாறினாலும் இன்னும் பத்து. அதிலும் மாறினால் முழுப்பெட்டியையும். சோதனைப் படிவத்தில் குறை என்று ஒரு கட்டம் இருக்கும். நிறை என்று கட்டம் கிடையாது. குறைக் கட்டத்தைக் காலியாக விட்டால் நான் வேலை நேரத்தில் தூங்கிவிட்டேன் என்று மேலாளர் நினைப்பார். அதனால் இருபத்தாறு வருடத்தில் ஒருநாளும் அதைக் காலியாக விட்டதில்லை. இந்த வாக்குமூலத்தையும் அந்தப் படிவத்தின் பின்பக்கத்தில்தான் எழுதுகிறேன். வீட்டில் வேறு காகிதம் அகப்படவில்லை.

பதினொன்றே முக்காலுக்கு ட்ரே வெளியே வந்தது. இருபத்துநான்கு குட்டிக்கோஸ், அதாவது நாற்பத்தெட்டுத் துண்டுகள்.

"என்னங்க, நான் போய்க் குளிச்சிட்டு வந்திடறேன். எல்லாரும் வர்ற நேரம். இத யாரும் தொடாம பாத்துக்குங்க."

"இத யாரு தொடப் போறா?"

"அதான் உங்கள நம்பி விட்டுட்டுப் போறேன். உங்களுக்குத்தான் இது ஆகாதே."

குளியலறைக் கதவு சாத்தப்பட்டது. அடுப்படியை ஒட்டிய கூடத்தில் அப்பா செய்தித்தாளை மார்பில் போட்டுக்கொண்டு சாய்வு நாற்காலியில் தூங்கிக்கொண்டிருந்தார்.

முதல் துண்டை எடுத்தது உப்புப் பார்க்க. அவளுடைய மானம் அந்த ட்ரேயில் இருந்தது, அக்கா. அண்ணி வாயில் வைக்கும் முன் வீட்டு மனுஷன் ஒருவன் பார்த்துவிடுவது நல்லது என்று நினைத்தேன். ஒரு துண்டை வைத்துக்கொண்டு எதுவும் சொல்ல முடியாது. ஐந்து எடுத்தேன். நான்கு ஒரே மாதிரி இருந்தன. மூலையில் இருந்த ஐந்தாவது கொஞ்சம் கூடுதலாக முறுகியிருந்தது. மாறுபாடு என்றால் மாறுபாடுதான். விதிப்படி இன்னும் பத்து எடுத்தேன். அதில் ஒன்றில் பூண்டு ஒட்டியிருந்தது, இன்னொன்றில் ஒட்டவில்லை.

அதன் பிறகு என்ன செய்ய வேண்டும் என்பதை நான் தீர்மானிக்கவில்லை. விதி தீர்மானித்தது.

நடுவில் எனக்கு நிதானம் வந்தது என்பதையும் பதிவு செய்கிறேன். பதினான்கு துண்டு மிச்சம் இருக்கும்போது நிறுத்தினேன். விலகி நின்று பார்த்தேன். ஏழு பேருக்குப் பதினான்கு துண்டு என்றால் ஆளுக்கு இரண்டு. அதைப் பரிமாறினால் அண்ணி என்ன சொல்வார் என்று உங்களுக்கே தெரியும். பதினான்கு இருந்தால் அது கஞ்சத்தனம். ஒன்றுமே இல்லாவிட்டால் அது மர்மம். அவளுக்குக் கெட்ட பெயர் வராமல் இருக்க வேண்டுமே என்று அந்தப் பதினான்கையும் நான் ஏற்றுக்கொண்டேன். ட்ரேயில் ஒட்டியிருந்த முறுகல் இதழ்களையும் பாதாமையும் சுரண்டி எடுத்தது தடயம் இருக்கக் கூடாது என்பதற்காக.

ஒரே ஒரு இதழை மட்டும் விட்டு வைத்தேன். அதை அப்பாவின் சட்டைப்பை ஓரத்தில் வைத்தேன். முள்கரண்டியை அவர் விரல்களுக்கு நடுவில் செருகினேன். பாவம், தூக்கத்திலேயே கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். எண்பத்தொரு வயது மனிதரை யாரும் திட்ட மாட்டார்கள் என்று கணக்குப் போட்டேன். பெற்ற அப்பாவாயிற்றே என்று ஒரு நிமிடம் தோன்றத்தான் செய்தது. அதற்குள் வாசல் மணி அடித்துவிட்டது.

பிறகு நடந்தது நீங்கள் பார்த்ததுதான். ஈரத்தலையோடு வந்த என் மனைவி காலி ட்ரேயைப் பார்த்தபடி நின்றாள். அண்ணி கோழியைக் கையில் ஏந்திக்கொண்டு பின்னாலேயே நின்றார். நீங்கள் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு விசாரணையை ஆரம்பித்தீர்கள். அப்பா விழித்தார். கரண்டியைப் பார்த்தார். இதழைப் பார்த்தார். அதை எடுத்து வாயில் போட்டு மெதுவாக மென்றார். என்னையும் ஒரு பார்வை பார்த்தார்.

"எல்லாத்தையும் நீங்களா சாப்பிட்டீங்க, மாமா?" அவள் குரல் உடைந்திருந்தது.

"நிறுத்த முடியலம்மா. அவ்வளவு நல்லா இருந்துச்சு."

அழப் போகிறாள் என்றுதான் நினைத்தேன். அவள் சிரித்தாள், அக்கா. கண்ணில் தண்ணீரோடு சிரித்தாள். பத்தொன்பது வருடத்தில் அப்படி ஒரு முகத்தை நான் பார்த்ததில்லை. கோழி ஆறிக்கொண்டிருக்க, அண்ணி அவளைத் தனியாக அழைத்துப்போய்ச் செய்முறை கேட்டார். நீங்கள் தீர்ப்புச் சொன்னீர்கள்: அடுத்த விருந்துக்கு முக்கியச் சமையல் என் மனைவி, ஐஸ் கட்டி அண்ணி, ஞாயிறுதோறும் அப்பாவுக்கென்று தனியாக ஒரு ட்ரே.

ஐந்து ஞாயிறு போய்விட்டது. ஐந்து ட்ரே. அப்பா ஒவ்வொரு துண்டையும் வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்துவிட்டுச் சாப்பிடுகிறார். எதிரே எனக்கு அவித்த காரட். "உங்களுக்குத்தான் ஆகாதே" என்று சொல்லி அன்போடு வைக்கிறாள். நேற்று பொறுக்க முடியாமல் கேட்டுவிட்டேன்.

"அப்பா, அன்னைக்கு நடந்தது உங்களுக்கு ஞாபகம் இருக்கா?"

"எது, நீ என் கைல கரண்டிய சொருகினதா? நல்லா ஞாபகம் இருக்கே."

"அப்புறம் ஏன் சொல்லல?"

"அவ முகத்தப் பாத்தேன்டா. யாராவது ஒருத்தர் நல்லா இருக்குன்னு சொல்லணும் போல இருந்துச்சு. பத்தொன்பது வருஷமா நீ சொல்லுவேன்னு பாத்துப் பாத்து எனக்கும் வயசாயிடுச்சு." ஒரு துண்டைக் கரண்டியில் குத்தினார். "அன்னைக்கு நீ வாயத் திறந்து சொல்லியிருந்தா இந்த ட்ரே உன்னோடது."

அந்தத் துண்டையும் அவரே சாப்பிட்டார்.

இரவு முழுவதும் யோசித்தேன். என் மனசாட்சி உறுத்துகிறது. அதனால்தான் எழுதுகிறேன், வேறு எந்த நோக்கமும் இல்லை. ஞாயிற்றுக்கிழமை ட்ரே யாருக்குப் போக வேண்டும் என்பதை நீங்களே நியாயமாக யோசித்துக்கொள்ளுங்கள். அப்பாவுக்கு எண்ணெய் ஆகாது என்று டாக்டர் சொல்லியிருப்பதையும் ஞாபகப்படுத்துகிறேன்.

ஆகவே முழு நினைவோடு ஒப்புக்கொள்கிறேன். நாற்பத்தெட்டையும் தின்றது நான். அப்பா நிரபராதி, ஒரு இதழைத் தவிர. என் இருபத்தாறு வருட வேலையில், முழுப்பெட்டியையும் சோதித்து ஒன்றைக்கூடத் தள்ள முடியாமல் போனது இந்த ஒரு தடவைதான். இதை என் மனைவி காதில் விழும்படி வாசியுங்கள். அவளுக்கு இதைவிடப் பெரிய பாராட்டு வேறு என்ன வேண்டும் என்று எனக்குத் தெரியவில்லை.

கையெழுத்துப் போடக் காகிதத்தை முன்பக்கம் திருப்பினேன். குறைக் கட்டம் காலியாக இருக்கிறது. அதைக் காலியாக விட்டு எனக்குப் பழக்கமில்லை.

உப்பு ஒரு சிட்டிகை கம்மி.