தாண்டிப் போன பேர்

— ஒருத்தருக்குக்கூடவா போகல, அக்கா?

— ஒருத்தருக்கும் போகலடா தம்பி. மாப்பிள்ளை வீட்டுக்குப் போகல, என் ஆபீசுக்குப் போகல. நூறு பேருக்கு மேல இருக்கும். அத்தனை கல்யாண அழைப்பும் ஒரே நம்பருக்குப் போயிருக்கு.

— யார் நம்பருக்கு?

— அப்பா நம்பருக்கு.

— பொறு பொறு. அவரைக் கூப்பிடப் போறதில்லன்னுதானே சொன்ன?

— ஆமா. சித்தி குடுத்த பேர் வரிசையில கடைசியா அவர் பேர் இருந்துச்சு. அழிக்க மனசு வரல. எதிர்ல 'வேண்டாம்'னு போட்டு, இந்தப் பேர் வந்தா தாண்டிப் போன்னு, அழைப்பு அனுப்புற புரோகிராம்ல எழுதினேன்.

— லேப்டாப்பை இப்படித் திருப்பு. ம்... அனுப்புற வேலையைச் செய்யற ஃபங்ஷனை, பேர் வரிசையை ஓட்டுற மெத்தடுக்குள்ளயே எழுதி வச்சிருக்க.

— வச்சா என்ன? அந்த வேலை அங்க மட்டும்தானே. கண்ணு முன்னாடியே இருக்கட்டும்னு விட்டேன். நீதான் எதுக்கெடுத்தாலும் வெளிய எடுத்துத் தனி மெத்தடா எழுதுன்னு உயிரை வாங்குவ.

— பொறு, முழுசா கேளு. ஒவ்வொரு பேருக்கும், தன்பாட்டுக்குத் தனியா ஓடுற ஒரு த்ரெட் கிளப்பி விடுற. அது உடனே அனுப்பல, நெட் கிடைக்கிற வரைக்கும் நிக்குது. நிக்கிறப்ப அது கையில பேரே இல்ல. அனுப்பப் போறப்பதான் வெளிய எட்டி, இப்ப எந்தப் பேருன்னு பாக்குது. அதுக்குள்ள, பேர் பேரா எடுத்துட்டுப் போற உன் லூப் கடைசி வரைக்கும் போய் முடிஞ்சிடுச்சு.

— கடைசியில இருக்கறது அப்பா. ஆனா அவரைத்தான் தாண்டிட்டேனே?

— தாண்டுறதுக்கும் ஒரு தடவை அவரைப் பாக்கணும்ல. பாத்த இடத்துலயே நின்னுடுச்சு. அப்புறம் எட்டிப் பாத்த அத்தனை த்ரெட்டுக்கும் அவர்தான் தெரிஞ்சார்.

— சே. இப்ப என்ன பண்றது?

— கிளப்பும்போதே பேரைக் கையில குடுத்து அனுப்பு. உள்ள இருக்கற ஃபங்ஷனுக்கும் அப்படிக் குடுக்கலாம், ஆனா குடுக்க மறந்தாலும் அது வெளிய எட்டிப் பாத்து ஓடிடும். தனி மெத்தடுன்னா குடுக்காம நகராது. யாராவது ஒருத்தருக்கு மட்டும் அனுப்பணும்னாலும் அதையே கூப்பிட்டுக்கலாம்.

— நகரு, நானே மாத்துறேன்... ஆச்சு. எல்லாருக்கும் போகுது பாரு. மாப்பிள்ளை வீட்ல பாத்துட்டாங்க.

— அப்பாவை என்ன பண்ணப் போற?

— இதே மெத்தடுல அவருக்கு ஒன்னு அனுப்பப் போறேன். தப்பா வந்துடுச்சு, வர வேண்டாம்னு.

— விடேன்க்கா. வந்தா ஓரமா உக்காந்துட்டுப் போறார்.

— உனக்கு அப்ப விவரம் தெரியாத வயசு. சொல்லாமக் கொள்ளாமப் போனார். அம்மா பகல்ல தையல் கம்பெனி, ராத்திரி ஆஸ்பத்திரியில ஆயா வேலைன்னு ஓடினாங்க. இப்ப அவங்க அந்த மனுஷன் பக்கத்துல நின்னு போட்டோவுக்குச் சிரிக்கணுமா? நான் நிக்க விடமாட்டேன்.

— அம்மாகிட்ட ஒரு வார்த்தை கேட்டியா?

— கேட்டா, 'உன் இஷ்டம் பாப்பா'ம்பாங்க. அப்புறம் பாத்ரூம்ல குழாயைத் திறந்துவிட்டுட்டு அழுவாங்க. எதுக்குக் கேக்கணும்?

— கொஞ்சம் யோசிச்சு அனுப்பு.

— அனுப்பிட்டேன். இந்தத் தடவை சரியா அவர் ஒருத்தருக்கு மட்டும்தான் போயிருக்கு.

— பாத்துட்டாரா?

— பாத்துட்டார்.

— உள்ள அம்மா போன் அடிக்குது.

— எடுத்துட்டாங்க. மண்டபத்துக்காரரா இருக்கும்... என்னம்மா, ஏன் இப்படி வந்து நிக்கிற? யாரு போன்ல?

— உங்கப்பா, பாப்பா. காலையிலேர்ந்து அழைப்பு மேல அழைப்பா வந்துச்சாம். பொண்ணு இத்தனை தடவை கூப்பிடுறாளேன்னு புதுச் சட்டை எடுக்கக் கடைக்குப் போயிருக்கார். சட்டையைப் போட்டுப் பாத்துட்டு இருக்கும்போது, வர வேண்டாம்னு வந்துச்சாம்.

— உனக்காகத்தாம்மா அப்படி அனுப்பினேன்.

— அது தெரியும் பாப்பா. போன மாசமே நான்தான் அவரைக் கல்யாணத்துக்குக் கூப்பிட்டேன். உன்கிட்ட எப்படிச் சொல்றதுன்னு தெரியாமத்தான் இத்தனை நாளா வாயை மூடிக்கிட்டு இருந்தேன்.